தானாக விழுந்தவர்

இதைக் கட்டுக்கதை என்று நினைத்துக்கொண்டு படிக்க வந்தவர்கள் இப்போதே எழுந்து போய் வேறு வேலை இருந்தால் பார்க்கலாம். எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது. நடந்தது நடந்ததுதான். நடந்தது வேறு யாருக்கோ இல்லை, என் அண்ணிக்கு. என் கூடப்பிறந்த அண்ணனின் மனைவி. அவர் வாயில் பொய் வராது. மரியாதைக்குச் சொல்கிற பொய்கூட வராது. விருந்துக்குக் கூப்பிட்டவர்களிடமே "உப்பு கொஞ்சம் கம்மி" என்று சொல்லிவிட்டு வருகிற பிறவி அவர்.

இன்னொன்று. நடுராத்திரி, ஊளையிடும் நாய், சலங்கைச் சத்தம் என்றெல்லாம் எதிர்பார்க்காதீர்கள். இது பட்டப்பகலில், மதியச் சாப்பாட்டு நேரத்தில், ட்யூப் லைட் வெளிச்சத்தில் நடந்தது.

அண்ணி ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் மெடிக்கல் கோடர். டாக்டர்கள் எழுதி வைத்ததைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் ஒவ்வொரு காயத்துக்கும் உரிய எண்ணைப் போடுகிற வேலை. விபத்து என்றால் எது உடைந்தது என்று சொன்னால் மட்டும் போதாது. எப்படி உடைந்தது என்பதற்கும் தனியாக ஓர் எண் வேண்டும். சைக்கிளில் போய் அடிபட்டவர்களுக்கென்றே ஒரு பெரிய வரிசை இருக்கிறது. நாய் குறுக்கே வந்ததா, இன்னொரு சைக்கிள் இடித்ததா, லாரியா, ரயிலா, குதிரை வண்டியா, சுவரா... எல்லாவற்றுக்கும் எண் உண்டு. கார் மோதியிருந்தால் வி-13. எதுவுமே மோதாமல் தானாக விழுந்திருந்தால் வி-18.

அந்த வேலையில் ஒரு சட்டம். டாக்டர் எழுதாததை கோடர் எழுதக் கூடாது. சந்தேகம் வந்தால் டாக்டருக்குக் கேள்வி அனுப்பலாம். பதில் வரும்வரை ஃபைல் திறந்தே இருக்கும். ஃபைல் திறந்தே இருந்தால் மேற்பார்வையாளருக்குத் தூக்கம் வராது. அவருக்கு ஆபீசில் வைத்த பெயர் 'அவசரம்'. நல்ல மனுஷன்தான், ஆனால் வாயைத் திறந்தால் அந்த ஒரு வார்த்தைதான் வரும்.

அந்தத் திங்கட்கிழமை அண்ணியிடம் வந்தது ஒரு ரொட்டிக்காரரின் ஃபைல். பேக்கரியிலிருந்து கடைகளுக்கு சைக்கிளில் ரொட்டி கொண்டுபோய்ப் போடுகிறவர். சனிக்கிழமை சாயங்காலம், கொட்டுகிற மழையில், ஏரிக்கரை ரோட்டில் நினைவில்லாமல் கிடந்தவரை யாரோ பார்த்து ஆம்புலன்ஸைக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஆம்புலன்ஸ்காரர் சொன்னதை வைத்து எலும்பு டாக்டர் ஒரே வரி எழுதியிருந்தார். 'சைக்கிளிலிருந்து தானாக விழுந்திருக்கிறார், குடித்திருக்கலாம்.' அவ்வளவுதான். வி-18 போட்டு மூடிவிட்டால் இரண்டு நிமிட வேலை.

அண்ணி மூடவில்லை. காயங்களைப் படிக்கப் படிக்க அவருக்கு உறுத்தியது. தானாக விழுகிறவன் கையை ஊன்றுவான். மணிக்கட்டு போகும், தோள்பட்டை எலும்பு போகும், உள்ளங்கையாவது கிழியும். இந்த மனுஷனின் இரண்டு கையிலும் ஒரு கீறல் இல்லை. உடைந்திருந்தது இடது கால். முழங்காலுக்குச் சற்றுக் கீழே, வெளிப்பக்கத்திலிருந்து வாங்கிய அடி. சரியாக ஒரு காரின் பம்பர் உயரம்.

மாடிக்குப் போய் ஐ.சி.யூ. வாசலில் எட்டிப் பார்த்தார். அந்த ரொட்டிக்காரரின் மனைவி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். அவளுடைய அண்ணன்மார்களே அவளைச் சுற்றி நின்று, குடிச்சுட்டு விழுந்தவனுக்கு எதுக்கு இத்தனை அழுகை என்று பேசிக்கொண்டிருந்தார்கள். பேக்கரி முதலாளியும் அதையே சொல்லிவிட்டாராம். போலீசும் அந்த ஒரு வரியைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டது. அவள் அண்ணியின் அடையாள அட்டையைப் பார்த்துவிட்டு, ஒன்றே ஒன்று சொன்னாள்.

"அவர் வாயில ஒரு சொட்டு பட்டதில்லம்மா. அவர் எழுந்து பேசாமயே போயிட்டார்னா, என் பிள்ளைங்க காலம் பூரா குடிகாரன் பிள்ளைங்கதான்."

அண்ணி கீழே வந்ததும் எலும்பு டாக்டருக்குக் கேள்வி அனுப்பினார். காயங்கள் தானாக விழுந்ததோடு பொருந்துகிறதா, மறுபடி பார்த்துச் சொல்லவும் என்று.

மதியம் எல்லோரும் கேன்டீனுக்குப் போய்விட்டார்கள். அண்ணி மட்டும் எப்போதும் மேஜையிலேயே டிபன் பாக்ஸைத் திறப்பவர். ஊர் வம்பு தொண்டையில் இறங்காது என்பார். அவர்கள் அறை தரைக்குக் கீழே இருக்கிறது. ஒரு பக்கம் பழைய ஃபைல்கள் அடுக்கிய அறை, மறுபக்கம் துணி வெளுக்கும் மெஷின்கள். படியில் யார் இறங்கினாலும் செருப்புச் சத்தம் நன்றாகக் கேட்கும்.

அன்றைக்குக் கேட்கவில்லை.

நிமிர்ந்தபோது எதிர் நாற்காலியில் ஒருவர் உட்கார்ந்திருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். வெள்ளைச் சட்டை, கழுத்து வரை பொத்தான். தலை நனைந்திருந்தது. வெளியே மழை, அதனால் அண்ணி அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

"அந்த சைக்கிள் கேஸ்..." என்றார் அவர். "தானா விழுந்ததுன்னு போட்டுடுங்க."

அண்ணி அவரை இன்சூரன்ஸ் ஆள் என்று நினைத்துக்கொண்டார். அந்த வேலையில் இருக்கிற யாரும் அப்படித்தான் நினைப்பார்கள். இந்த எண்ணை இப்படி மாற்றுங்கள், அந்த எண்ணை அப்படி மாற்றுங்கள் என்று வாரத்துக்கு ஒருவராவது படியிறங்கி வந்து தலையைச் சொறிவார். அவர்களுக்கென்றே அண்ணி ஒரு பாட்டு வைத்திருக்கிறார், அதை முழுசாகப் பாடினார். இங்கே வெளியாள் வரக் கூடாது, கேட்க வேண்டியதை மேலே கவுண்டரில் எழுதிக் கொடுங்கள், உங்களுக்கு வேலை இல்லையென்றால் எனக்கு இருக்கிறது. சொல்லிவிட்டுக் குனிந்து ஒரு வாய் சாப்பிட்டார். நிமிர்ந்தால் ஆள் இல்லை. ரோஷக்காரர் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

வீட்டுக்கு வந்து சொன்னபோது அண்ணன்தான் சிரித்தார். உன் பாட்டைக் கேட்டால் பேயே ஓடிவிடும், இன்சூரன்ஸ்காரன் எம்மாத்திரம் என்றார். பல்லி விழுந்தால் கட்டில் மேல் ஏறி நிற்கிற வீரர் அவர்.

செவ்வாய்க்கிழமை மழை விட்டது. நல்ல வெயில்.

மதியம் அவர் மறுபடியும் வந்து உட்கார்ந்திருந்தார். அதே சட்டை. தலை அப்படியே நனைந்திருந்தது.

அண்ணிக்கு அப்போதுதான் சின்னச் சின்னதாகச் சில விஷயங்கள் கண்ணில் பட்டன. மேலே ஃபேன் சுற்றுகிறது, மேஜையில் காகிதம் படபடக்கிறது, அவருடைய முடி ஒன்றுகூட அசையவில்லை. அறையில் ஒரு வாடை. தொட்டியடியில் படியும் பாசி வாடை. மனுஷனுக்கு உடம்பு சரியில்லையோ என்று இரக்கப்பட்டு, அண்ணி தண்ணீர் பாட்டிலை அவர் பக்கம் நகர்த்தினார்.

அவர் நாற்காலியோடு பின்னால் போனார். தேள் கொட்டியது மாதிரி.

"தண்ணி வேணாம்."

பிறகு மெதுவாக, "தானா விழுந்ததுன்னு போட்டுடுங்க... யாரும் எதையும் தேட மாட்டாங்க. எல்லாரும் அவங்கவங்க வீட்டுக்குப் போகலாம்."

"அவர் வீட்டுக்குப் போக முடியாம மேல படுத்திருக்கார் சார்," என்றார் அண்ணி. ஃபோன் அடித்தது. எடுத்துப் பேசிவிட்டுத் திரும்பினால் நாற்காலி காலியாக இருந்தது. நாற்காலியின் மெத்தை நனைந்து கனத்திருந்தது.

அன்று சாயங்காலம் அண்ணி வாசலில் இருக்கும் செக்யூரிட்டியிடம் போய்ச் சண்டை பிடித்தார். கண்டவனையெல்லாம் கீழே விடுகிறீர்களே என்று. அவர் தலையில் அடித்துச் சத்தியம் செய்யாத குறையாகச் சொன்னார், இரண்டு நாளாக மதியத்தில் ஒரு ஈ, காக்கைகூடப் படியிறங்கவில்லை என்று.

அண்ணி நம்பவில்லை. மதியச் சாப்பாட்டு மயக்கத்தில் அவருக்குக் கண் அசந்திருக்கும் என்று நினைத்தார்.

புதன்கிழமை காலையிலேயே 'அவசரம்' வந்து நின்றார். அந்த சைக்கிள் ஃபைலை இன்றைக்கு மூடியே ஆக வேண்டும், டாக்டர் பதில் போடாவிட்டால் இருப்பதை வைத்து வி-18 போட்டு அனுப்பிவிடுங்கள் என்றார். மாலை வரை பொறுக்கச் சொன்னார் அண்ணி. டாக்டரைத் தானே போய்ப் பார்த்துவிட்டும் வந்தார். சின்னப் பையன்தான் அந்த டாக்டர், ஆனால் வீம்பு பிடிக்கவில்லை. நானும் எக்ஸ்ரேயை மறுபடி எடுத்துப் பார்த்தேன், எனக்கும் சந்தேகம்தான், இன்னொரு டாக்டரையும் கேட்டுவிட்டு மதியத்துக்குள் எழுதிவிடுகிறேன் என்றார்.

மதியம். ஒன்று இருபது. அண்ணி அன்றைக்கு டிபன் பாக்ஸைத் திறக்கவே இல்லை.

அவர் வந்திருந்தார்.

எப்போது வந்தார் என்று தெரியவில்லை. இந்தத் தடவை சட்டையின் மேல் பொத்தான் இரண்டு அறுந்திருந்தது. கழுத்துக்குக் கீழே, தோளிலிருந்து மார்பின் குறுக்கே... அகலமாக ஒரு கறுத்த பட்டை.

அண்ணி ஆயிரம் ஃபைல் படித்தவர். அந்தப் பட்டை எதனால் வருகிறது என்று அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. சீட் பெல்ட். அது இறங்குகிற தோளைப் பார்த்தால், ஸ்டியரிங் பக்கம் உட்கார்ந்தவருடைய பெல்ட்.

"நீங்க இன்சூரன்ஸ் ஆள் இல்ல," என்றார் அண்ணி. "வண்டிய ஓட்டுனது நீங்கதான்."

அவர் சட்டையை இழுத்து அந்தப் பட்டையை மூடிக்கொண்டார்.

பயமாக இல்லையா என்று நான் பிறகு கேட்டேன். எங்கே பயம், ஆத்திரம்தான் வந்தது என்றார் அண்ணி. ஒரு மனுஷனை அடித்துப் போட்டுவிட்டு, அவனைக் குடிகாரன் என்று எழுதச் சொல்லி மூன்று நாளாக வந்து உட்கார்ந்திருக்கிறானே என்று உடம்பெல்லாம் எரிந்ததாம். வாய்க்கு வந்தபடி திட்டிவிட்டு, போலீசைக் கூப்பிட ஃபோனை எடுத்தார்.

அந்த நேரம் படியில் செருப்புச் சத்தம்.

'அவசரம்' உள்ளே வந்தார். யாரோடு ஃபோனில் சண்டை போடுகிறீர்கள் என்று கேட்டுக்கொண்டே வந்தார். எதிர் நாற்காலியை இழுத்தார்.

உட்கார்ந்தார்.

அந்த ஆள் மேலேயே.

வெள்ளைச் சட்டையும் 'அவசரத்தின்' நீலச் சட்டையும் ஒரே நாற்காலியில்... ஒன்றுக்குள் ஒன்று. 'அவசரத்தின்' தோளுக்குப் பின்னாலிருந்து, நனைந்த அந்த முகம் மட்டும் அண்ணியையே பார்த்துக்கொண்டிருந்தது.

'அவசரம்' துள்ளி எழுந்தார். பேன்ட்டின் பின்பக்கத்தைத் தொட்டுப் பார்த்தார். நாற்காலியில் என்ன இப்படித் தண்ணீர் என்று சலித்துக்கொண்டு, துடைத்துக்கொண்டே படியேறிப் போய்விட்டார். அவருக்கு எதுவும் தெரியவில்லை.

செருப்புச் சத்தம் தேய்ந்தது.

அறையில் அவர்கள் இருவர் மட்டும்.

'டிங்' என்று கம்ப்யூட்டர் சத்தம் போட்டது. டாக்டரின் பதில். 'காயங்கள் கார் மோதியதற்கே பொருந்துகின்றன. குறிப்பைத் திருத்திவிட்டேன்.'

அண்ணி வி-13 அடித்தார்.

திரையில் வி-18 என்று விழுந்தது.

அழித்தார். மறுபடி வி-13.

வி-18.

ட்யூப் லைட் ஒரு தடவை அணைந்து எரிந்தது. பாசி வாடை மூக்கை அடைத்தது. கீபோர்டு மேல் சொட்டு... சொட்டாக... தண்ணீர். மேலே பார்த்தால் கூரை காய்ந்துதான் இருந்தது.

"போடாதீங்க," என்றது குரல். காதுக்குப் பக்கத்தில்.

அண்ணி அழுதுகொண்டேதான் அடித்தார். அதை மறைக்க மாட்டார். ஆனால் அடித்தார்.

"நீ என்னை என்ன பண்ணிடுவ? என் வேலை இது. நடந்ததைத்தான் போடுவேன்."

வி-13.

விரலை எடுக்காமல் அழுத்திப் பிடித்துக்கொண்டே, இன்னொரு கையால் அனுப்புகிற பொத்தானைத் தட்டினார்.

போய்விட்டது.

அறை அமைதியானது. நாற்காலி காலி. அண்ணி ஒரு மூச்சு விட்டார்... அப்போது படியின் மேலிருந்து, ரொம்பத் தள்ளி, அந்தக் குரல் கேட்டது.

"அவன் எழுந்து சொன்னாத்தானே..."

அண்ணி ஓடினார். லிஃப்டுக்குக் காத்திருக்கவில்லை. மூச்சு முட்ட மூன்று மாடி. படி நெடுக ஈரம். வழுக்கி விழுந்து முழங்கால் தேய்ந்தது, எழுந்து ஓடினார். பெஞ்சில் இருந்த ரொட்டிக்காரரின் மனைவி என்னம்மா என்று எழுந்தாள். பதில் சொல்ல நேரமில்லை.

ஐ.சி.யூ. கதவைத் தள்ளினார்.

மூன்றாவது கட்டில்.

வெள்ளைச் சட்டை குனிந்து நின்றது. மூச்சுக்குழாய் மேல் ஒரு கை.

மானிட்டரில் எண் இறங்கிக்கொண்டிருந்தது. தொண்ணூறு... எண்பத்தி நாலு... எழுபத்தொன்பது...

நர்ஸ் ஓடி வந்து மெஷினைத் தட்டிப் பார்த்தாள். அவள் அந்தக் கை வழியாகவே தன் கையை நீட்டினாள். அவளுக்குத் தெரியவில்லை.

அண்ணி கட்டிலுக்கு எதிரே போய் நின்றார்.

"எழுதியாச்சு," என்றார்.

அந்தத் தலை நிமிர்ந்தது.

"டாக்டரும் எழுதிட்டார், நானும் எழுதிட்டேன். இனிமே இவர் எழுந்து பேசணும்னு அவசியமே இல்ல. இவரைக் கொன்னு உனக்கு ஒண்ணும் ஆகப் போறதில்ல. கையை எடு."

அது அசையவில்லை.

"கையை எடுன்னேன்."

அறுபத்தெட்டு...

அறுபத்தெட்டு...

எழுபது.

கை விலகியது. அந்த முகம் அண்ணியைப் பார்த்த பார்வையில் கோபம் இல்லை. அதுதான் இன்றைக்கும் தூக்கத்தைக் கெடுக்கிறது என்பார் அண்ணி.

"அப்போ நான் எங்க போவேன்?" என்றது.

அப்புறம் அங்கே யாரும் இல்லை. யாரிடம் பேசுகிறீர்கள் மேடம் என்று நர்ஸ் கேட்டாள். கட்டிலைச் சுற்றித் தரை முழுக்கத் தண்ணீர். குழாய் எங்கேயோ கசிகிறது என்று ஆள் விட்டுத் துடைத்தார்கள்.

டாக்டர் குறிப்பைத் திருத்தியதால் ஆஸ்பத்திரியிலிருந்து போலீசுக்குத் தகவல் போனது. வியாழக்கிழமை காலை அவர்கள் ஏரிக்கரைக்குப் போய், இந்தத் தடவை ஒழுங்காகத் தேடினார்கள். கரையோரத் தடுப்பில் இரண்டு கல் பெயர்ந்து கிடந்தது. மழைத் தண்ணீரில் ஏரி கலங்கிக் கிடந்ததால் அதுவரை யாரும் கவனிக்கவில்லை. மதியத்துக்குள் கிரேன் வைத்து ஒரு காரை வெளியே இழுத்தார்கள். ஸ்டியரிங் பக்கம் பெல்ட் போட்டபடி ஒருவர். வெள்ளைச் சட்டை. சனிக்கிழமை சாயங்காலமே உயிர் போயிருக்கிறது என்று டாக்டர்கள் சொன்னார்கள்.

ரொட்டிக்காரர் அடுத்த வாரம் கண் விழித்தார். வளைவில் கார் வந்து இடித்ததை அவரே சொன்னார். அவருடைய மனைவி தன் அண்ணன்மார்களை வரிசையாக நிற்க வைத்து, காது குளிரக் கேட்டுக்குங்க என்று அதை அவரை இரண்டு தடவை சொல்ல வைத்தாள். அன்றைக்கு அண்ணி வீட்டுக்கு வந்து எங்கள் எல்லோருக்கும் பாயசம் வைத்தார். உப்புப் போட்டுவிட்டார், யாரும் வாயைத் திறக்கவில்லை.

இதோடு முடிந்திருந்தால் நான் இதை எழுதியிருக்க மாட்டேன்.

அதற்கடுத்த திங்கட்கிழமை மதியம் படியில் செருப்புச் சத்தம் கேட்டது. இறங்கி வந்தது ஒரு பெண். கண்ணெல்லாம் வீங்கியிருந்தது. கார் ஓட்டியவரின் மனைவி. சைக்கிள் கேஸை எழுதினது யாரு என்று கேட்டாள். அண்ணி எழுந்து நான்தான் என்றார். அவள் சண்டைக்கு வரவில்லை. நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

அண்ணி தன் மனதில் அரித்துக்கொண்டிருந்த ஒன்றை அப்போது கேட்டார். சனிக்கிழமை காணாமல் போன மனுஷனை வியாழக்கிழமை வரை ஏன்மா யாருமே தேடவில்லை, போலீசில் ஒரு புகார்கூட இல்லையே என்று.

"எதுக்குத் தேடணும்?" என்றாள் அவள். "அவர்தான் தினமும் சாயங்காலம் வீட்டுக்கு வந்துட்டு இருந்தாரே."

ஃபேன் மட்டும் சுற்றிக்கொண்டிருந்தது.

"மழை விட்ட அன்னைக்கும் நனைஞ்சேதான் வருவார். சட்டைய மாத்துங்கன்னா மாத்த மாட்டார். கார் எங்கன்னா சொல்ல மாட்டார். ஒரு மூலையில உட்கார்ந்து, 'இன்னும் எழுதல'ன்னு மட்டும் சொல்லுவார். எனக்கு ஒண்ணும் புரியல. புதன்கிழமை மட்டும் உள்ளயே வரல. வாசல்லயே நின்னு, 'எழுதிட்டாங்க'ன்னார். விளக்கைப் போட்டுட்டு வர்றதுக்குள்ள ஆளைக் காணோம்."

அண்ணி மேஜையைப் பிடித்துக்கொண்டார்.

அவள் கிட்டே வந்தாள். அண்ணியின் கையைப் பிடித்தாள்.

"அந்த எண்ணை மாத்தி எழுதுனா... மறுபடி வருவாரா?"

அண்ணி வாய்விட்டு அழுதார். அந்தப் பெண்ணைக் கட்டிக்கொண்டு, இருவருமாக ரொம்ப நேரம் அழுதார்கள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, என் அண்ணி சொன்னார்.

"மாத்த மாட்டேன்மா."